ஓர் அறை, 36 பேர்: ‘டாங்கோ’ குறும்படம் குறித்த நிகழ்வு ஆய்வு

போலந்தின் வூச் நகரிலிருந்த செமாஃபோர் ஸ்டுடியோவில் 1980ஆம் ஆண்டு உருவான ‘டாங்கோ’, ஏறத்தாழ எட்டு நிமிடங்களே ஓடும் படம். ஸ்பிக்னியெவ் ரிப்சின்ஸ்கி இயக்கிய இந்தக் குறும்படத்தில் கதை என்று சொல்லத்தக்கது எதுவும் இல்லை. ஓர் அறை இருக்கிறது. அசையாத கேமரா இருக்கிறது. அந்த அறைக்குள் வந்து ஏதோ ஒரு வேலையைச் செய்துவிட்டு வெளியேறும் 36 பேர் இருக்கிறார்கள். அவர்கள் செய்யும் வேலைகள் பெரும்பாலும் எந்த வீட்டிலும் எந்த நாளிலும் நடப்பவை. ஆனாலும், அன்றாட வாழ்க்கையைக் கருப்பொருளாக எடுத்துக்கொண்ட சர்ரியல் (பழகிய உலகைக் கனவுபோல் விசித்திரமாக்கும்) சோதனைப் படங்களைப் பற்றிப் பேசும்போது இதை ஒதுக்கிவிட்டு நகர முடிவதில்லை. கனவுக் காட்சியோ, அச்சுறுத்தும் உருவமோ, ஒன்று மற்றொன்றாக மாறும் மாயமோ இல்லாமல், சாதாரணச் செயல்களை மட்டும் அடுக்கிக்கொண்டே போய் ஒரு விபரீத உலகத்தை இப்படம் எப்படி எழுப்பிவிடுகிறது என்பதே இந்த ஆய்வின் கேள்வி. விடை, படம் எதைக் காட்டுகிறது என்பதில் இருப்பதைவிட, அது எவ்வாறு செய்யப்பட்டது என்பதிலேயே அதிகம் இருக்கிறது என்பது என் துணிபு.

திரையில் நடப்பது

ஆரம்பத்தில் அறை காலியாக இருக்கிறது. மேசை, கட்டில், தொட்டில், அலமாரி, கதவுகள், ஒரு சாளரம் ஆகியவை தவிர வேறொன்றும் இல்லை. வெளியிலிருந்து ஒரு பந்து உள்ளே வந்து விழுகிறது. ஒரு சிறுவன் சாளரத்தின் வழியாக ஏறிக் குதித்து, பந்தை எடுத்துக்கொண்டு, வந்த வழியே போய்விடுகிறான். உடனே பந்து மீண்டும் உள்ளே வருகிறது, சிறுவனும் வருகிறான், அதே அடிகள், அதே குனிதல், அதே வெளியேற்றம். இந்தச் சுழற்சியைப் பார்வையாளர் கவனித்து முடிப்பதற்குள் கைக்குழந்தையுடன் ஒரு பெண் நுழைந்து, தன் வேலையை முடித்துக்கொண்டு போய், மறுபடியும் முதலிலிருந்து தொடங்குகிறாள். சிறுவன் நிற்கவில்லை. இருவரும் ஒரே அறையில், ஒருவரையொருவர் அறியாமல், தத்தம் சுழற்சியில் இயங்குகிறார்கள்.

பிறகு ஒவ்வொருவராகச் சேர்ந்துகொண்டே போகிறார்கள். அலமாரியின் மேல் ஒருவர் ஒரு பொதியை வைத்துவிட்டுப் போக, சாளரம் வழியாக நுழையும் திருடன் அதை எடுத்துக்கொண்டு நழுவுகிறான். மேசையில் உணவு வைக்கப்படுகிறது, உண்ணப்படுகிறது. ஒருவர் பல்பு மாட்ட ஏறி, கீழே விழுகிறார். ஒருவர் உடற்பயிற்சி செய்கிறார். ஒருவர் கழிப்பறைப் பீங்கானைத் தூக்கிக்கொண்டு குறுக்கே நடக்கிறார். ஒரு பெண் உடை அணிகிறாள். கட்டிலில் ஒரு ஜோடி புணர்கிறது. அதே கட்டிலுக்குப் பின்னர் ஒரு மூதாட்டி வந்து படுக்கிறாள். நெரிசல் உச்சத்தை அடையும் கட்டத்தில், முன்பு நன்றாகத் தெரிந்த சிறுவனையே தேடிக் கண்டுபிடிக்க வேண்டியிருக்கிறது. அத்தனை பேர் நடமாடியும் எவரும் எவர்மீதும் இடித்துக்கொள்வதில்லை. எவரும் எவரையும் பார்ப்பதுமில்லை. யானுஷ் ஹைடுனின் டாங்கோ இசை, கூட்டம் கூடினாலும் குறைந்தாலும், சலனமின்றித் தன் தாளத்தைத் தொடர்கிறது.

அதன் பின் அறை மெல்லக் காலியாகிறது. வந்தவர்கள் ஒவ்வொருவராக இறுதிமுறை வெளியேறுகிறார்கள். கட்டிலில் படுத்திருக்கும் மூதாட்டி மட்டும் எஞ்சுகிறாள். பந்து மீண்டும் உள்ளே வருகிறது. இம்முறை அதை எடுக்கச் சிறுவன் வரவில்லை. மூதாட்டி எழுந்து, பந்தை எடுத்துக்கொண்டு வெளியேறுகிறாள். எட்டு நிமிடப் படத்தில் ஒருவர் தன் சுழற்சிக்கு வெளியே இருந்த ஒரு பொருளுக்கு எதிர்வினை ஆற்றும் இடம் இது. அதனாலேயே, மிகச் சிறிய செயலாக இருந்தும், அது படத்தின் ஒரே ‘நிகழ்ச்சி’யாகிவிடுகிறது.

முன்னோட்டங்கள்

ரிப்சின்ஸ்கி 1949இல் வூச் நகரில் பிறந்தவர். அங்குள்ள புகழ்பெற்ற திரைப்படப் பள்ளியில் ஒளிப்பதிவு பயின்றவர். கதை சொல்லும் சினிமாவை விலக்கிவைத்து, ஃபிரேம், நேரம், இயக்கம் ஆகியவற்றையே ஆராய்ச்சிப் பொருளாக்கிக்கொண்ட ‘திரைப்பட வடிவப் பட்டறை’ என்ற குழுவில் எழுபதுகளின் தொடக்கத்தில் இயங்கியவர். இந்தப் பின்னணி தற்செயலானதல்ல. சர்ரியலிசம் என்றதும் நினைவுக்கு வரும் ஓவியர்களும் கவிஞர்களும் ஆழ்மனத்திலிருந்து தொடங்கினார்கள். ரிப்சின்ஸ்கி அளவுகோலிலிருந்து தொடங்கினார்.

‘டாங்கோ’வுக்கு ஐந்தாண்டுகள் முன்பு, 1975இல் அவர் எடுத்த ‘புதிய புத்தகம்’ என்ற படத்தில் திரை ஒன்பது கட்டங்களாகப் பிரிக்கப்பட்டிருக்கும். ஒவ்வொரு கட்டத்திலும் வேறொரு இடம். எல்லாவற்றிலும் ஓடுவது ஒரே நேரம். ஒரு கட்டத்திலிருந்து வெளியேறும் மனிதர் அடுத்த கட்டத்தில் நுழைவார். அதாவது, ஒரே நேரத்தில் பல இடங்கள். ‘டாங்கோ’ அந்தச் சமன்பாட்டைத் தலைகீழாக்குகிறது: ஒரே இடத்தில் பல நேரங்கள். முதல் சோதனையை எளிதில் புரிந்துகொள்ளலாம். பல கண்காணிப்புத் திரைகளை ஒருசேரப் பார்க்கும் பழக்கம் இன்று யாருக்கும் உண்டு. இரண்டாவது சோதனைக்கு நம் புலன்களில் முன்னனுபவமே கிடையாது. ஓர் அறையில் காலையில் நடந்ததும், பத்தாண்டுகளுக்கு முன் நடந்ததும், இன்னும் நடக்காததும் ஒன்றாகத் தெரிந்தால் எப்படியிருக்கும் என்பதை எந்தக் கண்ணும் கண்டதில்லை.

செய்முறை

இந்த இடத்தில் சற்று நின்று பார்க்க வேண்டும், ஏனெனில் படத்தின் பொருளே இங்குதான் ஒளிந்திருக்கிறது.

நடிகர்கள் தனித்தனியாகப் படமாக்கப்பட்டனர். ஒவ்வொருவரின் செயலும் ஒரு சுழற்சியாக வெட்டப்பட்டது. வெளியிலிருந்து நுழைந்து வெளியே போய்விடும் ஒருவரின் முதல் ஃபிரேமிலும் கடைசி ஃபிரேமிலும் அவர் அறையில் இல்லை. ஆகவே சுழற்சியின் முனைகள் இணையும் இடம் கண்ணுக்குத் தெரிவதில்லை. கதவுகளும் சாளரமும் வெறும் அலங்காரமல்ல, ஒட்டு மறைக்கும் கருவிகள். கட்டிலில் படுத்துறங்கும் ஒருவரை இதே நேர்த்தியுடன் சுழற்சியாக்க வேண்டுமென்றாலும், அவர் எழுந்து கதவைத் தாண்டிப் போகும்வரை படம்பிடித்தாக வேண்டும்.

அடுத்த சிக்கல், இவர்களை ஒரே ஃபிரேமுக்குள் சேர்ப்பது. கணினி இல்லாத அந்தக் காலத்தில் இதற்கு இருந்த வழி ஆப்டிகல் பிரிண்டர்: ஏற்கனவே எடுத்த படச்சுருளை ஒரு பக்கத்தில் ஒளியூட்டி, எதிர்ப்பக்கத்தில் இருக்கும் கேமராவால் ஃபிரேம் ஃபிரேமாக மறுபடி படமெடுக்கும் இயந்திரம். ஒருவரின் உருவம் மட்டும் பதிய வேண்டுமானால், அவரைச் சுற்றியுள்ள பகுதி முழுவதையும் கறுப்பு மறைப்பால் மூட வேண்டும். பின்னர் அறையைப் பதியும்போது, அவர் நிற்கும் இடத்தை மட்டும் அதே வடிவ மறைப்பால் மூட வேண்டும். ஒருவர் மற்றொருவரை மறைத்துக்கொண்டு நடந்தால், முன்னால் நிற்பவரின் வடிவத்தைப் பின்னால் நிற்பவரின் மறைப்பிலும் கழிக்க வேண்டும். ஒவ்வொரு ஃபிரேமிலும் உருவம் சிறிதளவு நகர்ந்திருக்கும் என்பதால் மறைப்பும் ஒவ்வொரு முறையும் புதிதாக வரையப்பட வேண்டும்.

ரிப்சின்ஸ்கி தந்த கணக்கின்படி, ஏறக்குறைய 16,000 மறைப்புகளை வரைந்து வண்ணம் பூச வேண்டியிருந்தது. ஆப்டிகல் பிரிண்டரில் பல லட்சம் பதிவுகள் செய்ய வேண்டியிருந்தது. நாளொன்றுக்கு 16 மணி நேரம் வீதம் ஏழு மாதங்கள் பிடித்தன. இந்த எண்கள் பெருமைக்காகச் சொல்லப்பட்டவையோ என்ற ஐயம் எழலாம். ஒரு சிறு கணக்கே ஐயத்தைப் போக்கிவிடும். விநாடிக்கு 24 ஃபிரேம் வீதம் எட்டு நிமிடத்துக்கு 11,520 ஃபிரேம்கள். 36 பேரும் எல்லா ஃபிரேமிலும் இருந்தால் மனிதர்களுக்கு மட்டுமே 4,14,720 பதிவுகள் தேவைப்பட்டிருக்கும். கூட்டம் படிப்படியாகவே கூடிக் குறைவதால் உண்மை எண்ணிக்கை அதைவிடக் குறைவாக இருந்திருக்கும். ஆயினும் லட்சங்களில்தான் இருந்திருக்கும். 16,000 மறைப்புகளை 36ஆல் வகுத்தால், ஆளுக்குச் சராசரியாக 440க்குச் சற்று மேல் வருகிறது. வரைந்த மறைப்பைச் சுழற்சி தோறும் திரும்பப் பயன்படுத்தலாம் என்பதே இந்த வேலையை மனிதனால் செய்யக்கூடியதாக்கியது. திரும்பத் திரும்ப நிகழ்வது என்ற அழகியல் தேர்வும், உழைப்பைக் குறைத்தாக வேண்டும் என்ற நடைமுறைத் தேவையும் இங்கு ஒன்றாகவே இருக்கின்றன.

இன்னொன்று: இவர்கள் எவரும் மோதிக்கொள்ளாமல் இருக்க, அறையின் ஒவ்வொரு சதுர அடியும் எந்த விநாடியில் யாருக்கு என்பது முன்கூட்டியே ஒதுக்கப்பட்டிருக்க வேண்டும், ஒற்றைத் தண்டவாளத்தில் பல ரயில்களை விடும் கால அட்டவணையைப் போல. பொதியை வைப்பவரும் அதைத் திருடுபவரும் வெவ்வேறு கால அளவில் சுழன்றால், சில சுற்றுகளுக்குப் பின் திருடன் வெறுங்கையை நீட்டிக்கொண்டு நிற்பான். அப்படி நேர்வதில்லை. ஒரு சுற்றில் மோதலில்லாமல் பொருந்திவிட்டால் எல்லாச் சுற்றிலும் பொருந்தும் என்ற வகையில் அமைத்தால்தான் இந்தக் கட்டுமானம் நிற்கும். கணித்ததில் ஒரு விநாடி பிசகினாலும் ஒருவரின் தோளுக்குள் இன்னொருவரின் தலை புகுந்துவிடும். நெகட்டிவ் மறுபடி மறுபடி இயந்திரத்துக்குள் போய்வருவதால், ஒரு பதிவில் நேரும் பிழை அதற்கு முன் அந்த ஃபிரேமில் செய்த அத்தனை பதிவுகளையும் சேர்த்தே கெடுத்துவிடும். நெகட்டிவ் சிறு சேதத்துடன் தப்பியதே அதிசயம் என்றும், தாம் செய்த கணக்குப் பிழைகள் நூறுக்கும் குறைவே என்றும் இயக்குநர் பின்னர் குறிப்பிட்டார். குறைகளையும் அவரே பட்டியலிட்டார்: உருவங்களைச் சுற்றித் தெரியும் கருங்கோடுகள், படச்சுருளின் துளைகளாலும் நெகிழ்வாலும் வரும் நடுக்கம், விளக்கின் வெப்பநிலை மாறுவதால் நிறத்தில் தெரியும் ஏற்ற இறக்கம், தூசு, கீறல்.

அந்தக் கருங்கோட்டைக் கூர்ந்து பார்க்க வேண்டும். மறைப்பும் எதிர்மறைப்பும் மயிரிழையளவு பொருந்தாமல் போகும் இடத்தில் நெகட்டிவின் அந்தக் கீற்றின் மேல் எந்தப் பதிவின்போதும் ஒளி விழுவதில்லை. அச்சில் அது கறுப்பாக வருகிறது. ஆகவே அந்தக் கோடு யாரும் வரைந்த ஒன்றல்ல. அங்கே ஆளும் இல்லை, அறையும் இல்லை. தொழில்நுட்ப ரீதியில் இது குறைதான். இயக்குநர் சொன்னதை மறுக்க வேண்டியதில்லை. ஆனால் ஒவ்வொரு மனிதரும் தம்மைச் சூழ்ந்த ஒரு மெல்லிய வெறுமையுடன் நடமாடுகிறார்கள் என்பதைச் சொல்ல இதைவிடச் சரியான வழியை எவரும் திட்டமிட்டுக் கண்டுபிடித்திருக்க முடியாது.

இந்தப் படத்தில் சர்ரியல் உணர்வு பிறக்கும் இடமும் அதுவே. ஒருவரையொருவர் பார்க்காமல் நடிப்பது நாடக மேடையில் எவரும் செய்யக்கூடியது. ஆனால் அங்கு, பக்கத்தில் ஆள் இருப்பதை உடல் அறிந்திருக்கும். தோள் தானாகச் சற்று ஒதுங்கும். கண் விலகிப் போகும். நல்ல நடிகராலும் அதை முழுமையாக மறைக்க முடியாது. ‘டாங்கோ’வில் அந்த ஒதுக்கம் இல்லை, ஏனெனில் பக்கத்தில் உண்மையிலேயே யாரும் இருந்ததில்லை. பல்பு மாட்டுபவர் விழும்போது யாரும் திரும்பாதது அலட்சியமல்ல. அவர்களின் உலகத்தில் அவர் விழவே இல்லை. கண் இதை ஒரே கூட்டமாகப் பார்க்கிறது. அங்கிருக்கும் உடல்களோ தனிமையில் அசைகின்றன. இந்த முரண்தான் பார்வையாளரின் மனத்தில் காரணம் சொல்லத் தெரியாத ஓர் அமைதியின்மையைக் கிளப்புகிறது. 1943இல் மாயா டெரனும் அலெக்சாண்டர் ஹமீதும் எடுத்த ‘பிற்பகலின் வலைகள்’ படத்திலும் வீட்டுப் பொருள்கள்தான் மர்மத்தைச் சுமக்கின்றன. ஆனால் அங்கே சாவி கத்தியாக மாறுகிறது. இங்கே எந்தப் பொருளும் தன் இயல்பைக் கைவிடுவதில்லை. கெட்டுப்போயிருப்பது காலம் மட்டும்.

நெரிசல் என்ற விளக்கம்

படத்தைப் பற்றி அடிக்கடி சொல்லப்படும் விளக்கம் ஒன்று உண்டு: இது கம்யூனிச ஆட்சிக்கால போலந்தின் வீட்டு நெருக்கடியைச் சித்திரிக்கிறது என்பது. சொந்தமாக ஒரு குடியிருப்பு கிடைக்கக் கூட்டுறவு அமைப்புகளில் பெயரைப் பதிந்துவிட்டு ஆண்டுக்கணக்கில் காத்திருந்த தலைமுறைக்கு, பல பேர் ஒரே அறையைப் பகிர்ந்துகொள்ளும் காட்சி வெறும் கற்பனையாகத் தோன்றியிருக்காது. படம் உருவான 1980ஆம் ஆண்டில்தான் கதான்ஸ்க் கப்பல் கட்டும் தளத்தில் வேலைநிறுத்தம் வெடித்து சாலிடாரிட்டி தொழிற்சங்கம் பிறந்தது. 1981 டிசம்பர் 13 அன்று இராணுவச் சட்டம் அமலுக்கு வந்தது. இத்தகைய சூழலில் ஒரு மூடிய அறைக்குள் இயந்திரம்போல் சுழலும் மனிதர்களை அரசியல் உருவகமாகப் படிக்காமல் இருப்பதுதான் கடினம்.

ஆயினும் இந்த வாசிப்பு படத்தின் பாதியை மட்டுமே எட்டுகிறது. நெரிசலில் வாழ்பவர்கள் ஒருவரையொருவர் நன்றாகவே அறிவார்கள். சண்டையிடுவார்கள், முறை வைத்துக்கொள்வார்கள், ஒட்டுக்கேட்பார்கள். ‘டாங்கோ’வில் அந்த உராய்வின் சுவடே இல்லை. இந்த மனிதர்கள் வாழ்வின் வெவ்வேறு கட்டங்களிலிருந்து வருபவர்கள், வெவ்வேறு காலங்களின் பிரதிநிதிகள் என்றுதான் ரிப்சின்ஸ்கியும் விளக்கினார். முதலில் வருவது சிறுவன், கடைசியாகப் போவது மூதாட்டி என்ற வரிசை அதை உறுதிப்படுத்துகிறது. அப்படியானால் அறை நிரம்பி வழிவதாகத் தோன்றுவது நம் பார்வையில் மட்டுமே. அந்தந்த நேரத்தில் அங்கே ஓரிருவரே இருந்தார்கள். ஒரே சமயத்தில் 36 பேர் ஓர் அறையில் வாழ்வதைவிட, 36 பேர் அடுத்தடுத்து அதே அறையில் வாழ்ந்து ஒருவர் இருந்ததை மற்றவர் அறியாமலே போவது இன்னும் கடுமையான செய்தி. வீட்டு நெருக்கடி தீர்ந்தாலும் அது தீராது.

ஒரு குறையையும் சொல்லியாக வேண்டும். யார் என்ன செய்கிறார்கள் என்ற பங்கீட்டில் படம் தன் காலத்தின் வழக்கத்தை அப்படியே ஏற்றுக்கொள்கிறது. குழந்தையை ஏந்துவது பெண். பல்பு மாட்டுவதும் பீங்கானைச் சுமப்பதும் திருடுவதும் ஆண். பெண்ணின் நிர்வாணமும் கட்டில் காட்சியும் மற்ற செயல்களோடு ஒன்றாகக் கலந்துவிடுகின்றன என்று வாதிடலாம். இருப்பினும் அவற்றைப் பார்வையாளரின் கண்ணை இழுக்கும் தூண்டிலாகவே இயக்குநர் பயன்படுத்தியிருக்கிறார் என்று எனக்குத் தோன்றுகிறது. ‘அன்றாடம்’ என்பது எல்லோருக்கும் ஒன்றல்ல என்ற கேள்வி இந்த அறைக்குள் நுழையவே இல்லை.

இது அனிமேஷனா?

1983 ஏப்ரலில் ‘டாங்கோ’ சிறந்த அனிமேஷன் குறும்படத்துக்கான ஆஸ்கர் விருதைப் பெற்றது. போலந்துப் படமொன்றுக்குக் கிடைத்த முதல் ஆஸ்கர் அது. அதே பிரிவில் போட்டியிட்ட ‘பனி மனிதன்’ முழுவதும் கையால் வரையப்பட்ட படம். விழா அன்று புகைபிடிக்க வெளியே போன ரிப்சின்ஸ்கியை மீண்டும் உள்ளே விடக் காவலாளிகள் மறுத்ததும், தகராறு முற்றி அவர் இரவைக் காவலில் கழித்ததும் பரவலாக எழுதப்பட்டவை. படத்தைவிட அந்தக் கதையே அதிகம் பேருக்குத் தெரிந்திருப்பது ஒரு துரதிருஷ்டம்.

உயிருள்ள நடிகர்களைக் கேமரா படமெடுத்த ஒரு படம் எப்படி அனிமேஷன் ஆகும் என்ற கேள்வி நியாயமானது. ஆனால் ஒரு படம் எங்கே பிறக்கிறது என்பதை வைத்துத் தீர்மானித்தால் சிக்கல் தீர்ந்துவிடும். படப்பிடிப்புத் தளத்தில் எடுக்கப்பட்டவை மூலப்பொருள்கள் மட்டுமே. ‘டாங்கோ’வில் நாம் பார்க்கும் எந்தக் கணமும் உலகில் எங்கும் ஒருபோதும் நிகழவில்லை, அது ஃபிரேம் ஃபிரேமாக, கையால் வரைந்த வடிவங்களைக் கொண்டு, ஒரு மேசை முன்னால் கட்டப்பட்டது. நடந்ததைப் பதிவு செய்வது ஒளிப்பதிவு. நடக்காத இயக்கத்தை ஃபிரேமுக்கு இடையில் உண்டாக்குவது அனிமேஷன். அந்த வகையில் தேர்வுக்குழு சரியான பெட்டியில்தான் வைத்தது.

இதன் பின் அமெரிக்காவில் குடியேறிய ரிப்சின்ஸ்கி, மின்னணுக் காணொளிக்கு மாறினார். ஒற்றை நிறத் திரையின் முன் நடிகரை நிறுத்தி, அந்த நிறத்தை மின்னணு முறையில் நீக்கி உருவத்தைத் தனியே பிரிக்கும் நுட்பம், ஏழு மாதக் கையுழைப்பைப் பெருமளவு தேவையற்றதாக்கியது. ஜான் லெனனின் ‘இமேஜின்’ பாடலுக்கு 1986இல் அவர் உயர்தெளிவுக் காணொளியில் செய்த படம் இந்த மாற்றத்துக்கு நல்ல சான்று. அங்கேயும் அறைகள் உண்டு, கதவுகள் உண்டு, கதவைத் தாண்டும்போது கடந்துபோகும் வயது உண்டு. ஆனால் கேமரா பக்கவாட்டில் நகர்ந்துகொண்டே இருக்கிறது, அறைகள் ஒன்றன்பின் ஒன்றாக வருகின்றன. காலத்தை வரிசையாக விரித்துவிட்டால் அது பழகிய ஒன்றாகிவிடுகிறது: வளர்கிறார்கள், முதுமையடைகிறார்கள், அடுத்த அறைக்குப் போகிறார்கள். விளிம்புகள் ‘டாங்கோ’வைவிடச் சுத்தமாக இருக்கின்றன, இயக்கம் வழுக்கிக்கொண்டு போகிறது, பார்ப்பதற்கு இனிமையாகவும் இருக்கிறது. 1980இன் அந்த ஒற்றை அறை பார்வையாளருக்குத் தந்த சங்கடம் மட்டும் அதில் கிடையாது.